இமயமலைத் தெருவில் இடுப்பளவு தண்ணீர்

அக்டோபர் 12, ஞாயிறு

வென்றுவிட்டேன். குடியிருப்போர் நலச் சங்கத்தின் பொதுக்குழுவில் பெரும்பான்மை ஆதரவுடன் தீர்மானம் நிறைவேறியது. இனிமேல் எங்கள் செல்வவிநாயகா அவென்யூவின் ஏழு குறுக்குத் தெருக்களுக்கும் உலகத்தின் ஏழு மலைத்தொடர்களின் பெயர்கள். வந்தவர்களில் பாதிப் பேர் பஜ்ஜிக்காகக் கை தூக்கினார்கள் என்பது எனக்கும் தெரியும். கை கைதான்.

என்னைப் பற்றி: மங்கையர்க்கரசி, ஓய்வுபெற்ற புவியியல் ஆசிரியை, சங்கச் செயலாளர். ஆண்டிஸ் தென் அமெரிக்காவின் மேற்கு ஓரத்தில், அட்லஸ் ஆப்பிரிக்காவின் வடமேற்கு மூலையில், யூரல் ஐரோப்பாவுக்கும் ஆசியாவுக்கும் நடுவில் என்று முப்பது வருடம் கரும்பலகையில் குச்சியால் தட்டிக் காட்டியவள். இவற்றில் ஒன்றைக்கூட நேரில் பார்த்ததில்லை. ஊட்டிக்கு ஒருமுறை பள்ளிச் சுற்றுலா போனேன். வளைவுகளில் தலை சுற்றியதால் முழு மலையையும் கண்ணை மூடிக்கொண்டே ஏறி, கண்ணை மூடிக்கொண்டே இறங்கினேன். மறுநாள் வகுப்பில் நீலகிரியின் அழகைப் பற்றி ஒரு பாடவேளை பேசினேன்.

பெயர் மாற்றத்துக்கு நியாயமான காரணம் இருக்கிறது. மனை போட்டவர் துண்டு துண்டாக விற்றதில் தெரு எண்கள் கலைந்து கிடந்தன. நுழைவாயிலில் முதலில் வருவது ஐந்தாவது குறுக்குத் தெரு. கோடியில் இருக்கும் எங்கள் தெரு மூன்றாவது. நான் உலக வரைபடத்தைப் பார்த்து, மேற்கிலிருந்து கிழக்காக வரிசை போட்டேன்: ராக்கி, ஆண்டிஸ், அட்லஸ், ஆல்ப்ஸ், காகசஸ், யூரல், இமயமலை. கிழக்குக் கோடியில் இருப்பதால் எங்கள் தெருவுக்கு இமயமலை தானாகவே அமைந்தது. நான் அமைத்தேன் என்று சொல்பவர்கள் பொறாமைக்காரர்கள்.

முன்னாள் செயலாளர் தணிகாசலம் மட்டும் எழுந்தார். மின்வாரியத்தில் பொறியாளராக இருந்தவர், எதையும் ஃபியூஸ் போகுமா என்று பார்க்கிற ஆள்.

"டீச்சர், பேரு வைங்க, வேணாங்கல. கீழ சின்னதா பழைய நம்பரையும் போட்டுடுங்க. ஆதார், கேஸு, ஆஸ்பத்திரி எல்லாத்துலயும் அதான இருக்கு?"

"கீழ அந்த மலை எந்தக் கண்டத்துல இருக்குன்னு எழுதணும் சார். ரெண்டும் போட்டா பலகையோட அழகே போயிடும்."

கைதட்டல் எனக்கு. இவர், அதாவது என் கணவர் பாலகுரு, கூட்டத்துக்கு வரவில்லை. துணி காயப்போட மாடிக்குப் போனவர் பொழுது சாயும்போதுதான் இறங்கி வந்தார். நாலு துணியைக் காயப்போட அரை நாள். என்ன செய்தீர்கள் என்றால், "சும்மா உக்காந்திருந்தேன்" என்றார். சும்மா உட்கார்ந்திருப்பதற்குச் சங்கத்தில் பதவி இருந்தால் இவரைப் போட்டியின்றித் தேர்ந்தெடுத்துவிடலாம். என் முட்டி மாடிப்படி ஏற விடுவதில்லை. இல்லாவிட்டால் போய் இழுத்து வந்திருப்பேன்.

அக்டோபர் 14, செவ்வாய்

டயாலிசிஸ். போனோம், வந்தோம். ரசம் சாதம்.

அக்டோபர் 23, வியாழன்

பலகைகள் வந்துவிட்டன. நீல நிறம், வெள்ளை எழுத்து, முழங்கால் உயரத்தில் இரண்டு காலில் நிற்கின்றன. "அட்லஸ் மலைத் தெரு, ஆப்பிரிக்கா." "காகசஸ் மலைத் தெரு, கருங்கடலுக்கும் காஸ்பியன் கடலுக்கும் இடையே." பெயின்டர் இதை எழுதும்போது, "ஏம்மா, இவ்ளோ பெரிய அட்ரஸ்ல எவன்மா லெட்டர் போடுவான்?" என்று கேட்டார். பழைய எண் பலகைகளை அவரிடமே கொடுத்து எடுத்துப் போகச் சொன்னேன். பின்பக்கம் சுத்தமாக இருக்கிறது, வேறு கடைக்கு எழுதலாம் என்று மகிழ்ச்சியாகப் போனார்.

மாலையில் பிள்ளைகள் சைக்கிளில் ஆல்ப்ஸுக்குப் போய்விட்டு வருகிறேன், ஆண்டிஸில் பந்து விழுந்துவிட்டது என்று கத்திக்கொண்டு திரிந்தார்கள். ஓய்வு பெற்ற பிறகு இவ்வளவு சந்தோஷமாக நான் இருந்ததில்லை. இவரிடம் வந்து பார்க்கச் சொன்னேன். தெருவைச் சுற்றிவிட்டு வந்து, "நல்லா இருக்கு மங்கை. ஆனா மாவு மில்லு ஐரோப்பால போயிடுச்சே" என்றார்.

அக்டோபர் 28, செவ்வாய்

சிறு புகார்கள் வருகின்றன. பெரிய மாற்றம் என்றால் வரத்தான் செய்யும். கூரியர் பையன் ஒருவன் ராக்கிக்கும் யூரலுக்கும் நடுவில் வெயிலில் அலைந்து, கடைசியில் பொட்டலத்தைப் பிள்ளையார் கோயிலில் வைத்துவிட்டுப் போய்விட்டான். பூங்காவில் தணிகாசலம் பிடித்துக்கொண்டார்.

"கூரியர் போனா போவுது டீச்சர். நாளைக்கு உங்க வீட்டுக்கே ஒரு ஆம்புலன்ஸ் வரணும்னா என்ன பண்ணுவீங்க?"

"எங்க வீட்டுக்கு ஆட்டோ மணிவண்ணன் வருவாரு. அவருக்குப் போர்டெல்லாம் வேண்டாம்" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன்.

எத்தனையோ வீடு இருக்கிறது. உதாரணத்துக்கு எங்கள் வீட்டைத்தான் சொல்ல வேண்டுமா? வரும் வழியெல்லாம் கோபம். இட்லிக்கு உளுந்து ஊறப்போட மறந்துவிட்டேன்.

இவருடைய விஷயத்தை ஒரேயொரு தடவை எழுதிவிடுகிறேன். சிறுநீரகம் இரண்டும் நின்றுபோய் மூன்று வருடம் ஆகிறது. செவ்வாயும் வெள்ளியும் தாம்பரம் போய் இயந்திரத்தில் படுக்க வேண்டும். உடம்பில் சேர்ந்த தண்ணீரை அது இழுத்து எடுக்கும். ஒரு தவணை தவறினால் கால் வீங்கும், அப்புறம் தண்ணீர் நுரையீரலுக்கு ஏறி மூச்சை அடைக்கும், உயிருக்கே ஆபத்து என்று டாக்டர் முதல் நாளே சொல்லிவிட்டார். எழுதிவிட்டேன். இனி தெருப் பலகைகளைப் பற்றி எழுதலாம்.

நவம்பர் 7, வெள்ளி

டயாலிசிஸ். எடை கூடியிருக்கிறது என்று நர்ஸ் திட்டினாள். இவருக்கு ஒரு நாளைக்கு அனுமதித்த தண்ணீர் ஒரு சின்னப் பாட்டில். வீட்டுக்கு வந்து விசாரித்ததில் உண்மை வெளிவந்தது. மாடிச் செடிக்கு ஊற்ற எடுத்துப் போகும் தண்ணீரில் இரண்டு வாய் குடிக்கிறாராம்.

"செடி வாடிப் போயிடுமேன்னு எனக்கும் கொஞ்சம் ஊத்திக்கிறேன்" என்றார்.

சிரிக்கக்கூடாது என்று அடுப்பங்கரைக்குப் போய்ச் சிரித்தேன். பிறகு அங்கேயே கொஞ்ச நேரம் நின்றேன். வெங்காயம் எதுவும் நறுக்கவில்லை.

நவம்பர் 15, சனி

நேற்றிரவு மழை. காலையில் கதவைத் திறந்தால் தெருவில் கணுக்கால் அளவு தண்ணீர். ராக்கி, ஆண்டிஸ் எல்லாம் காய்ந்து கிடக்கின்றன. இமயமலையில் மட்டும் தவளை.

இதற்கும் காரணம் இருக்கிறது, அதைத் தணிகாசலம்தான் நிதானமாக விளக்கினார். மனை போட்டவர் வாஸ்து பார்த்து மண் அடித்தாராம். மேற்கு மேடாக இருக்க வேண்டும், கிழக்கு தாழ்வாக இருக்க வேண்டும். அப்போதுதான் ஐசுவரியம் தங்குமாம். ஐசுவரியம் வந்ததாகத் தெரியவில்லை, மற்றபடி இறங்கி வருகிற எல்லாம் இங்கே வந்துதான் தங்குகிறது. உலகத்தின் மிக உயரமான மலைத்தொடரின் பெயரை எங்கள் பேட்டையின் மிகப் பள்ளமான தெருவுக்கு வைத்த புவியியல் ஆசிரியை நான். முப்பது வருட அனுபவம். தெருவில் தண்ணீர் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று ஒரு நாள் பார்த்திருந்தால் போதும்.

கனடாவிலிருந்து மகள் பேசினாள். ராக்கியில் பனி விழ ஆரம்பித்துவிட்டதாம். நான் இமயமலையில் தவளை விழுந்த செய்தியைச் சொன்னேன்.

நவம்பர் 18, செவ்வாய்

மழையோடு மழையாக மணிவண்ணன் வந்துவிட்டார். ஆட்டோவின் மிதியடி வரை தண்ணீர். டயாலிசிஸ் முடிந்து திரும்பும்போது இருட்டிவிட்டது. வண்டி இரண்டு முறை நின்றது. மணிவண்ணன் இறங்கித் தள்ளினார், நானும் தள்ளினேன். இவர் உள்ளே உட்கார்ந்து, "நானும் இறங்கட்டுமா?" என்று கேட்டார். உட்காருங்கள் என்று நான் போட்ட சத்தத்தில் ஒரு நாய் ஓடிவிட்டது.

நவம்பர் 21, வெள்ளி

போக முடியவில்லை. ஏரி உடைத்துக்கொண்டதில் பிரதான சாலை துண்டாகிவிட்டது. மணிவண்ணன் போனில் அழாத குறையாக மன்னிப்புக் கேட்டார். ஆஸ்பத்திரியில் பேசினேன். உப்பு, தண்ணீர், பழம் எல்லாவற்றையும் குறையுங்கள், வழி திறந்ததும் எந்த நேரமானாலும் வந்துவிடுங்கள் என்றார்கள்.

வழி திறக்கிற மழையாகத் தெரியவில்லை.

நவம்பர் 22, சனி

வீட்டுக்குள் தண்ணீர் வந்துவிட்டது. அரிசி, மருந்துப் பெட்டி, ஸ்டவ், நாட்குறிப்பு எல்லாவற்றையும் மாடி அறைக்கு ஏற்றினேன். பக்கத்து வீடுகள் நேற்றே காலி, உறவினர் வீடுகளுக்குப் போய்விட்டார்கள். மின்சாரம் இல்லை. போன் சிக்னல் வருகிறது, போகிறது. வெளிப்படிக்கட்டில் ஏறும்போது இவர் ஒவ்வொரு படியிலும் நின்றார். நான் என் முட்டியைச் சொல்லிக்கொண்டு பின்னாலேயே நின்றேன்.

கால் வீங்கியிருக்கிறது. விரலால் அழுத்தினால் குழி விழுந்து அப்படியே இருக்கிறது. சுற்றிலும் தண்ணீர், நடுவில் இவர் அவருடைய சின்னப் பாட்டிலைக் கையில் வைத்துக்கொண்டு, மூடியைத் திறப்பதும் மூடுவதுமாக இருக்கிறார். பயமாக இருக்கிறது.

நவம்பர் 24, திங்கள்

ஆஸ்பத்திரி வராந்தா. நேற்று நடந்ததை இப்போதுதான் எழுத முடிகிறது.

காலையில் நான் கண் விழித்தபோது இவரால் படுத்திருக்க முடியவில்லை. சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, வாயால் மூச்சு வாங்கினார். தண்ணீர் கீழே இடுப்பளவு. கொஞ்சம் சிக்னல் வந்த நேரத்தில் ஆஸ்பத்திரியிலிருந்து ஒரு பெண் பேசினாள். "உங்க அட்ரஸ கண்ட்ரோல் ரூமுக்குக் குடுத்துட்டோம் மேடம். படகு வந்துட்டிருக்கு. ரெடியா இருங்க." அத்துடன் சிக்னல் போய்விட்டது. நான் அவருடைய கோப்பு, சட்டை, மாத்திரை எல்லாவற்றையும் ஒரு பாலிதீன் பையில் கட்டி வைத்துக்கொண்டு மாடிக் கைப்பிடிச் சுவரருகில் நின்றேன். மழை சற்று விட்டிருந்தாலும் மூட்டமாக இருந்தது. வீடுகளுக்கு அப்பால் எல்லாம் சாம்பல் நிறம்.

பத்து மணி வாக்கில் மோட்டார் சத்தம். வீடுகளின் இடைவெளியில், நாலைந்து தெரு தள்ளி, ஆரஞ்சு நிறச் சட்டை ஒன்று தெரிந்தது. படகு ஒரு தெருவுக்குள் போனது. நின்றது. யாரோ யாருடனோ பேசுகிற சத்தம். பிறகு அதே தெருவிலிருந்து வெளியே வந்து நுழைவாயில் பக்கம் போக ஆரம்பித்தது.

என்ன நடந்தது என்று எனக்கு அப்போதே புரிந்துவிட்டது. ஆஸ்பத்திரிக் கோப்பில் எங்கள் விலாசம் மூன்றாவது குறுக்குத் தெரு. நான்தான் மூன்று வருடம் முன்பு எழுதிக் கொடுத்தேன். எண் பலகை இல்லாத ஊரில் மூன்றாவது தெருவைத் தேடுகிறவர்கள் என்ன செய்வார்கள்? வாசலிலிருந்து ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணியிருக்கிறார்கள். மூன்றாவதாக வந்தது அட்லஸ். அங்கே குடியிருப்பவர்கள் போன மாதம் வாடகைக்கு வந்தவர்கள், மூன்றாவது குறுக்குத் தெருவைக் கேள்விப்பட்டே இருக்க மாட்டார்கள். அப்படி நோயாளி யாரும் இங்கே இல்லை என்று சொல்லியிருப்பார்கள். உண்மைதானே. ஆப்பிரிக்காவில் என் கணவரைத் தேடினால் எப்படிக் கிடைப்பார்?

கத்தினேன். சிவப்புத் துண்டை ஆட்டினேன். முப்பது வருடம் கடைசி பெஞ்சு வரை கேட்ட குரல், நாலு தெரு தாண்டவில்லை. மோட்டார் சத்தம் தேய்ந்து தேய்ந்து நின்றுவிட்டது.

திரும்பி வந்து இவரிடம், "வேற இடத்துக்குப் போயிட்டு வராங்களாம்" என்றேன். அவர் என்னைப் பார்த்தார். "சரி" என்றார். நான் பொய் சொல்கிறேன் என்று அவருக்குத் தெரியும். அவருக்குத் தெரியும் என்று எனக்கும் தெரியும். முகத்தைத் திருப்பிக்கொண்டு பையின் முடிச்சை அவிழ்த்து மறுபடி கட்டினேன். இவரை நானே கொன்றுவிட்டேன் என்று நினைத்தேன். இதை மெருகு போட்டு எழுதத் தெரியவில்லை. அப்படித்தான் நினைத்தேன்.

அரை மணி கழித்துப் போன் அடித்தது. தெரியாத எண். பின்னால் மோட்டார் சத்தம்.

"அம்மா, நான் சூசை, போட்டுக்காரன். வெளிய போவ சொல்லோ ஒரு பெரியவர் மாடிலேர்ந்து கூப்ட்டு நிறுத்தினாரு. ஈபி சாராம். டயாலிசிஸ் பேஷன்ட் உள்ள கீறாருன்னு உன் நம்பரக் குடுத்தாரு. எங்கமா உங்க வூடு?"

"கடைசித் தெரு தம்பி. இமயமலைத் தெரு. ராக்கியத் தாண்டி நேரா வந்தா, ஆல்ப்ஸ், அப்புறம் காகசஸ்..."

"மலைய உட்டும்மா. போர்டெல்லாம் தண்ணிக்குள்ள முயுகிக் கெடக்குது. இன்னொரு பக்கம் காவா வேற ஓடுதாம், தெரியாம உட்டா போட்டு கவுந்துடும். வூட்டச் சொல்லு. இன்னா கலரு, இன்னா அடையாளம்?"

என்ன நிறம்? காகசஸ் தெருவில் யார் இருக்கிறார்கள் என்று எனக்குத் தெரியும். யார் சந்தா கட்டவில்லை என்றுகூடத் தெரியும். அந்த வீடுகள் என்ன நிறம் என்று தெரியாது. எந்த முனையில் மரம், எந்த முனையில் கால்வாய், ஒன்றும் வாயில் வரவில்லை. ஒன்பது வருடமாக இங்கே இருக்கிறேன். கண்ணை மூடினால் உலக வரைபடம்தான் வந்து நிற்கிறது. "ஒரு நிமிஷம் தம்பி, ஒரு நிமிஷம்" என்று சொல்லிக்கொண்டே இருந்தேன்.

இவர் கையை நீட்டினார். போனைக் கொடுத்தேன்.

"தம்பி, நீங்க எங்க நிக்கிறீங்க... தலைய நிமிந்து பாருங்க. ஒரு மாடில புறாக் கூண்டு தெரியுதா? ... ஆங். அத வலது கைப்பக்கம் விட்டுட்டு வாங்க. நேரா." மூச்சு வாங்கினார். "ரெண்டு கறுப்பு டேங்க் வரும். ஒண்ணு சாஞ்சு நிக்கும். அங்க திரும்பாதீங்க. அதான் கால்வா. அடுத்து, பச்சை வலை கட்டின மாடி. அந்த வீட்டுப் பொண்ணு... சாயங்காலம் அங்க உக்காந்து சத்தமாப் படிக்கும். அங்க இடது பக்கம் திரும்புங்க."

நான் அவர் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றேன். உள்ளே தண்ணீர் கொதிப்பது மாதிரி ஒரு சத்தம் கேட்டது. போதும் என்று சைகை காட்டினேன். அவர் கேட்கவில்லை.

"வந்துட்டீங்களா... இப்போ ஓட்டு ஷெட்டு ஒண்ணு, மேல லாரி டயர் போட்டிருப்பாங்க. அத ஒட்டியே வந்தா... கடைசி வீடு. கொடிக் கயித்துல கிளிப்பு மட்டும் வரிசையா இருக்கும். மஞ்ச கிளிப்பு. அது நாங்கதான்."

"தெரியுது பெருசு, தெரியுது. பேசாத, மூச்சப் புடி. வன்ட்டேன்."

வந்துவிட்டான். நாற்பது வயதிருக்கும், கோவளத்துப் பக்கத்து மீனவன். படகை எங்கள் வெளிப்படிக்கட்டோடு அணைத்து நிறுத்தி, இவரைக் குழந்தையைத் தூக்குகிற மாதிரி தூக்கி உட்கார வைத்தான். எனக்குக் கை கொடுத்தபோது, "பாத்து வாம்மா, இமயமலைலேர்ந்து எறங்குற" என்றான். சிரித்துக்கொண்டே அழுதேன். மழை மறுபடி பிடித்திருந்ததால் யாருக்கும் தெரிந்திருக்காது.

படகு போகப் போக நான் நிமிர்ந்து பார்த்துக்கொண்டே வந்தேன். டயர், பச்சை வலை, சாய்ந்த டேங்க், புறாக் கூண்டு. அவர் சொன்ன வரிசையில், பின்னிருந்து முன்னாக, எல்லாம் அப்படியே இருந்தன. ஒன்றையும் நான் அதற்கு முன் பார்த்ததில்லை. தணிகாசலம் அவர் வீட்டு மாடியில் குடை பிடித்துக்கொண்டு நின்றார். கும்பிட்டேன். அவர் போ, போ என்று கையை ஆட்டினார்.

நேற்று மதியமே இயந்திரத்தில் போட்டுவிட்டார்கள். இன்று மறுபடியும் ஒருமுறை. இன்னும் அரை மணி நேரம் தாமதித்திருந்தால் என்று டாக்டர் தொடங்கினார். தொடங்கியதை முடிக்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன்.

நவம்பர் 25, செவ்வாய்

படுத்துத் தூங்கினார். குறட்டை விட்டார். கேட்டுக்கொண்டே இருந்தேன்.

டிசம்பர் 7, ஞாயிறு

பொதுக்குழு. பஜ்ஜி கிடையாது, பினாயில் வாசனைதான். எல்லோர் வீட்டிலும் சேறு. பலகைகளை எடுத்துவிட்டு எண்களையே போடலாம் என்று நானே தீர்மானம் கொண்டுவந்தேன். நடந்ததையும் சொன்னேன். நீளமாகச் சொல்லி எல்லோரையும் உருக வைக்க வேண்டும் என்று உரை தயாரித்திருந்தேன். இரண்டாவது வரியோடு தாளை மடித்து வைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன்.

தணிகாசலம் எழுந்தார். அன்றைக்கே சொன்னேனே என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். பாவி மனிதர், அதைச் சொல்லவே இல்லை.

"பேரு இருக்கட்டும் டீச்சர். பசங்கல்லாம் பழகிடுச்சுங்க. கீழ எழுதியிருக்கறத மட்டும் அழிச்சிட்டு நம்பரப் போடுவோம். பலகையக் கொஞ்சம் தூக்கியும் வெப்போம்."

அப்படியே முடிவானது. ஆப்பிரிக்காவும் தென் அமெரிக்காவும் பெயின்ட்டுக்கு அடியில் போகின்றன. அட்லஸ் எங்கே இருக்கிறது என்று இனி பாடப்புத்தகத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்ளட்டும். கூட்டம் முடிந்ததும் தணிகாசலம் வீட்டுக்குப் போய் நன்றி சொன்னேன். காபி கொடுத்தார். மகா மட்டமான காபி. முழுதும் குடித்தேன்.

டிசம்பர் 11, வியாழன்

இனி வாரம் மூன்று தடவை. இதயமும் களைத்திருக்கிறதாம். இன்னும் எவ்வளவு காலம் என்று கேட்டேன். நன்றாகப் பார்த்துக்கொண்டால், என்று ஆரம்பித்து, டாக்டர் வேறு எதையோ பேசினார். டாக்டர் நல்லபடியாகவே சொன்னார் என்று இவரிடம் சொன்னேன். இவர் சரி என்றார்.

டிசம்பர் 14, ஞாயிறு

கீழே வீட்டுச் சுவர்களில் ஈரம் இன்னும் காயவில்லை. துவைத்த போர்வைகளை மாடிக்கு எடுத்துப் போகக் கிளம்பினார். தனியாக விடவில்லை. நான் வாளியைத் தூக்கிக்கொண்டேன், அவர் கிளிப்பு டப்பாவைத் தூக்கிக்கொண்டார். அவர் மூச்சுக்காக நின்றபோது நான் முட்டிக்காக நின்றேன். யார் யாருக்காக நிற்கிறோம் என்று தெரியாமல் ஒருவழியாக ஏறிவிட்டோம்.

போர்வைகளைப் போட்டதும் அவர் கவிழ்த்துப் போட்ட பெயின்ட் டப்பாவில் உட்கார்ந்தார். எனக்கும் ஒரு டப்பாவை இழுத்துப் போட்டார். மழைக்காலம் ஓய்ந்து வானம் துடைத்த மாதிரி இருந்தது. பச்சை வலை மாடியில் அந்தப் பெண் ஏதோ ஒப்பித்துக்கொண்டிருந்தாள். புறாக்கள் ஒருமுறை சுற்றிவிட்டு வந்து உட்கார்ந்தன. அப்போதுதான் பார்த்தேன். மேற்கே, எல்லா வீடுகளுக்கும் டேங்குகளுக்கும் பின்னால், நீளமாக, நீல நிறத்தில் ஒரு மலைத்தொடர்.

"என்னங்க அது?"

"மலை."

"அது தெரியுது. இங்க எப்படி வந்துச்சு?"

"எப்பவும் அங்கதான் இருக்கு" என்றார். "வெயில் இறங்குறப்போ சிவக்கும், பாரு. மழைக்கு முந்தின நாள் கிட்ட வந்துட்ட மாதிரி இருக்கும்."

"பேரு என்ன?"

"தெரியல."

"ஒன்பது வருஷமாப் பாக்கறீங்க. பேரு தெரியாதா?"

"உன்னக் கேக்கலாம்னு இருந்தேன்" என்றார். "நீ மேல வரவே இல்லையே."

எனக்கும் பெயர் தெரியவில்லை. கீழே போய் வரைபடத்தைப் பார்க்கலாம்தான். போகவில்லை. அவர் சொன்னபடியே அது சிவந்தது, பிறகு கறுத்தது. குளிர ஆரம்பித்ததும் ஒரு போர்வையை உருவி அவர் மேல் போர்த்தினேன். இன்னும் ஈரமாக இருக்கிறது என்றார், ஆனாலும் எடுக்கவில்லை.

அவரால் ஏற முடிகிற வரைக்கும் தினமும் கூடவே ஏறுவது என்று முடிவு செய்திருக்கிறேன். முடியாத நாள் வந்தால் நான் மட்டும் ஏறிப் பார்த்துவிட்டு, அன்றைக்கு மலை எப்படி இருந்தது என்று கீழே வந்து அவருக்குச் சொல்வேன்.